ஆள் இறந்துவிட்டால் கேஸ் என்னவாகும்?

கீழ் கோர்ட்டுகளில் அடிக்கடி பார்க்கக்கூடிய காட்சி இது. அடிதடி வழக்கு ஒன்றில் நான்கு பேர் குற்றஞ்சாட்டப்பட்டவர்கள். பெயர் கூப்பிடுகிறார்கள். மூன்று பேர் வந்து நிற்கிறார்கள். நாலாவது பெயரை மூன்று தடவை கூப்பிட்டும் ஆள் வரவில்லை. கூட்டத்தின் பின்பக்கத்திலிருந்து ஒரு அம்மா பிளாஸ்டிக் கவரைப் பிடித்துக்கொண்டு முன்னால் வருகிறார். வக்கீல் எழுந்து, "அய்யா, ஏ4 போன மாசம் தவறிட்டார்" என்கிறார். கவரில் இருப்பது இறப்புச் சான்றிதழ். நீதிபதி அதை வாங்கிப் பார்த்துவிட்டு, "மெமோ போடுங்க, ஸ்டேஷன் ரிப்போர்ட் வரட்டும்" என்று சொல்லி இன்னொரு வாய்தா போடுகிறார். அந்த அம்மாவுக்குப் புரியவில்லை. ஆளே போய்ச் சேர்ந்தாச்சு, இன்னும் எதற்கு வாய்தா?

அந்தக் கேள்விக்கான பதில்தான் இந்தக் கட்டுரை. இந்தியச் சட்டத்தை மட்டும் வைத்துச் சொல்கிறேன். 2024 ஜூலை 1 முதல் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் இடத்தில் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா வந்துவிட்டது. பிரிவு எண்கள் மாறியிருக்கின்றன. நாம் பேசப்போகும் விஷயங்களில் சாரம் பெரிதாக மாறவில்லை.

முதலில் சிவில் வழக்குக்கும் கிரிமினல் வழக்குக்கும் உள்ள வித்தியாசம். உங்களிடம் ஐந்து லட்சம் கடன் வாங்கிய ஒருவர் மீது சிவில் வழக்குப் போடுகிறீர்கள். நடுவில் அவர் இறந்துவிடுகிறார். பிரச்சினை இல்லை. 90 நாளுக்குள் மனுப்போட்டு அவருடைய வாரிசுகளை வழக்கில் சேர்த்துவிடலாம். அவர் விட்டுப்போன சொத்து எவ்வளவோ அவ்வளவுக்கு அவர்கள் பதில் சொல்ல வேண்டும். சண்டை பணத்துக்கு, பணம் இன்னும் இருக்கிறது.

கிரிமினல் வழக்கில் அரசு கேட்பது அந்த ஆளை. அவர் செய்தாரா, செய்திருந்தால் அவரை எத்தனை நாள் உள்ளே வைப்பது என்பதுதான் கேள்வி. அப்பா குத்திய கத்திக்கு மகனை ஜெயிலில் போட முடியாது. அதனால் குற்றஞ்சாட்டப்பட்டவர் இறந்ததும் அவரைப் பொறுத்தவரை வழக்கு 'அற்றுப்போகிறது'. சட்டத் தமிழில் இதற்கு அற்றுப்போதல் என்றே பெயர். கோர்ட் வராண்டாவில் யாரும் அப்படிச் சொல்ல மாட்டார்கள். "ஏ4 அபேட் ஆயிடுச்சு" என்பார்கள்.

அற்றுப்போவது என்றால் விடுதலை என்று அர்த்தமில்லை. தண்டனை என்றும் இல்லை. குற்றவாளியா நிரபராதியா என்ற கேள்விக்கு நீதிமன்றம் பதில் சொல்லாமலே அந்தப் பக்கத்தை மூடிவிடுகிறது. "கோர்ட்டே கேஸை முடிச்சிடுச்சு, அவர் தப்பு பண்ணலைன்னு ஆயிடுச்சு" என்று உறவினர்கள் சொல்வதும் தவறு. "செத்ததால தப்பிச்சான், இல்லைன்னா உள்ள போயிருப்பான்" என்று எதிர்த்தரப்பு சொல்வதும் தவறு.

சரி, அந்த வாய்தா எதற்கு? இறந்ததாகச் சொல்லித் தப்பிக்க நினைப்பவர்கள் இருக்கிறார்கள். பீகார் மாநிலம் பாகல்பூர் மாவட்டத்தில் பாலியல் வன்கொடுமை வழக்கில் சிக்கிய ஒரு பள்ளி ஆசிரியர், சிதை மேல் படுத்துப் போட்டோ எடுத்துக்கொண்டார். அதைக் காட்டி வாங்கிய இறப்புச் சான்றிதழ் நீதிமன்றத்துக்குப் போனது, வழக்கும் மூடப்பட்டது. பாதிக்கப்பட்ட சிறுமியின் தாய் விடவில்லை. ஆள் உயிரோடு இருப்பதை அவர் வெளியே கொண்டுவந்தார். சான்றிதழ் ரத்தாகி, வழக்கு திரும்பத் திறக்கப்பட்டு, 2022-இல் அந்த ஆசிரியர் சரணடைந்தார். இப்படியெல்லாம் நடப்பதால்தான் வீட்டார் கொடுக்கும் சான்றிதழோடு நிறுத்தாமல், அந்த எல்லைக்குட்பட்ட காவல் நிலையத்தையும் நேரில் விசாரித்து அறிக்கை தரச் சொல்கிறார்கள். அது வந்த பிறகுதான் "ஏ4-ஐப் பொறுத்தவரை வழக்கு அற்றுப்போகிறது" என்று உத்தரவில் எழுதுவார்கள். அதுவரை வீட்டார் பார்க்க வேண்டியது ஒன்றுதான். சான்றிதழைப் பீரோவில் வைத்துக்கொண்டு சும்மா இருக்கக் கூடாது. தகவல் போகாவிட்டால், ஆள் வரவில்லை என்று பிடிவாரண்ட் பிறக்கும். இறந்தவரைத் தேடிப் போலீஸ் வீட்டுக்கு வரும்.

குற்றப்பத்திரிகை போடுவதற்கு முன்பே ஆள் இறந்துவிட்டால்? அவர் ஒருவர் மட்டும்தான் குற்றவாளி என்றால், போலீஸ் அப்படியே இறுதி அறிக்கை தாக்கல் செய்து முடித்துவிடும். வேறு ஆட்களும் இருந்தால், இறந்தவரின் பங்கைக் குற்றப்பத்திரிகையில் விவரிப்பார்கள், அவரை விசாரணைக்கு அனுப்ப மாட்டார்கள். போஃபர்ஸ் பீரங்கி பேர ஊழல் வழக்கில் 1999-இல் சி.பி.ஐ. போட்ட குற்றப்பத்திரிகையில் ராஜீவ் காந்தியின் பெயர் இப்படித்தான் இருந்தது. அவர் 1991-லேயே இறந்துவிட்டதால், விசாரணைக்கு அனுப்பப்படாதவர்களின் பட்டியலில் அவர் பெயர் வந்தது. சட்டப்படி இது சரிதான். ஆனால் அந்தப் பட்டியலில் பெயர் வருகிறவருக்குப் பதில் சொல்ல வாய்ப்பே இல்லை என்பது எனக்கு உறுத்தலாகவே இருக்கிறது.

கூட இருந்தவர்கள்

ஏ4 இறந்தால் ஏ1, ஏ2, ஏ3 மேல் உள்ள வழக்கு நிற்காது. 2012 டெல்லி பேருந்துப் பாலியல் வன்கொடுமை வழக்கில் முக்கியக் குற்றவாளியாகச் சொல்லப்பட்டவர் 2013 மார்ச்சில் திகார் சிறையில் இறந்தார். அவர் மேல் வழக்கு அற்றுப்போனது. வயது வந்த மற்ற நால்வருக்கும் அதே ஆண்டு செப்டம்பரில் தீர்ப்பு வந்தது. சாத்தான்குளம் தந்தை-மகன் மரண வழக்கில் கைதான பத்துப் போலீஸ்காரர்களில் ஒருவர் 2020 ஆகஸ்டில் கொரோனாவால் இறந்துபோனார். குற்றப்பத்திரிகை மற்ற ஒன்பது பேர் மீது தாக்கலானது.

ராஜீவ் காந்தி கொலை வழக்கில் குற்றப்பத்திரிகையில் இருந்த 41 பேரில் 12 பேர் அப்போதே இறந்திருந்தார்கள். சிவராசன் அவர்களில் ஒருவர். மூன்று பேர் தலைமறைவு என்று காட்டப்பட்டார்கள். மீதி 26 பேர்தான் விசாரணையை எதிர்கொண்டார்கள். தலைமறைவுப் பட்டியலில் இருந்த பிரபாகரன் மீதான வழக்கு அவர் இறந்த 2009-இல் தானாக முடிந்துவிடவில்லை. 2010-இல் சென்னை தடா நீதிமன்றம் உத்தரவு போட்ட பிறகுதான் முடிந்தது. இறப்பு வேறு, இறப்பை நீதிமன்றம் பதிவு செய்வது வேறு.

இறந்தவர் இல்லாமல் வழக்கை நடத்தலாம் என்பது சட்டம். நடத்துவது எவ்வளவு கஷ்டம் என்பதற்கு ராஜ்குமார் கடத்தல் வழக்கைப் பார்க்கலாம். 2000 ஜூலை 30 இரவு, தாளவாடி பக்கம் தொட்டகாஜனூரில் இருந்த பண்ணை வீட்டிலிருந்து கன்னட நடிகர் ராஜ்குமாரை வீரப்பன் கடத்தினார். 108 நாள் காட்டில் வைத்திருந்த பிறகு விடுவித்தார். வழக்கு கோபிசெட்டிபாளையம் நீதிமன்றத்தில் நடந்தது. வீரப்பனும் அவருடைய கூட்டாளி சேத்துக்குளி கோவிந்தனும் 2004 அக்டோபரில் பாப்பாரப்பட்டி அருகே சுட்டுக்கொல்லப்பட்டார்கள். அவர்கள் மேல் வழக்கு அற்றுப்போனது. கடத்தப்பட்ட ராஜ்குமாரே 2006-இல் காலமானார். அவருடைய மனைவி பர்வதம்மா 2017-இல் காலமானார். கடத்தியவரும் இல்லை, கடத்தப்பட்டவரும் இல்லை. மீதியிருந்த ஒன்பது பேரையும் 2018 செப்டம்பரில் ஆதாரம் போதவில்லை என்று நீதிமன்றம் விடுதலை செய்தது. வழக்கு 18 ஆண்டு இழுத்தால் நடுவில் சாவு வரத்தான் செய்யும்.

கூட்டுச்சதி வழக்குகளில் ஒரு சந்தேகம் எல்லோருக்கும் வரும். சதிக்குக் குறைந்தது இரண்டு பேர் வேண்டும், இரண்டு பேரில் ஒருவர் இறந்துவிட்டால் மற்றவர் தனியாகச் சதி செய்தார் என்று எப்படிச் சொல்வது? சொல்லலாம். இறந்தவரோடு சேர்ந்து செய்தார் என்று நிரூபித்தால் போதும். இறந்தவருக்குத் தண்டனை கொடுக்க முடியாது என்பதால், அவர் என்ன செய்தார் என்று ஆராயக் கூடாது என்று ஆகிவிடாது. இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், ஜெயலலிதா வழக்குக்கு வரும்போது தேவைப்படும்.

மேல்முறையீடு நடக்கும்போது இறந்தால்

இங்கேதான் விஷயம் சிக்கலாகிறது. பழைய சட்டத்தில் 394-ஆவது பிரிவு, புதிய சட்டத்தில் 435. கீழ் கோர்ட் விடுதலை செய்து, அதை எதிர்த்து அரசு மேல்முறையீடு செய்திருக்கும்போது ஆள் இறந்தால், அந்த மேல்முறையீடு அத்தோடு முடிந்தது. விடுதலை விடுதலையாகவே நிற்கும். தண்டனையை எதிர்த்து அவரே மேல்முறையீடு செய்திருக்கும்போது இறந்தால், அதுவும் அற்றுப்போகும். அப்படியானால் கீழ் கோர்ட் சொன்ன 'குற்றவாளி' என்ற தீர்ப்பு மாறாமல் அப்படியே கிடக்கும். மேல்முறையீட்டில் ஜெயித்திருப்பாரோ என்னவோ, அந்தக் கேள்வியை இனி யாரும் கேட்க மாட்டார்கள்.

பழைய சட்டம் என்று சொன்ன அந்த 1973 சட்டம்தான் இதற்கு ஒரு கதவைத் திறந்துவிட்டது. அதற்கு முந்தைய 1898 சட்டத்தில் இது கிடையாது. மரண தண்டனையோ சிறைத் தண்டனையோ பெற்றவர் மேல்முறையீட்டின் நடுவில் இறந்தால், நெருங்கிய உறவினர் யாராவது, இறந்த 30 நாளுக்குள், "நாங்கள் தொடர்ந்து நடத்துகிறோம்" என்று நீதிமன்றத்தில் அனுமதி கேட்கலாம். அனுமதி கிடைத்தால் மேல்முறையீடு உயிரோடு இருக்கும். நெருங்கிய உறவினர் என்றால் பெற்றோர், கணவன் அல்லது மனைவி, பிள்ளைகள், பேரப்பிள்ளைகள், உடன்பிறந்தவர்கள். மருமகன், மருமகள், சித்தப்பா, மச்சான் இந்தப் பட்டியலில் இல்லை. ஊரில் கேஸுக்கு அலைபவர் பெரும்பாலும் மச்சானாகத்தான் இருப்பார். அலைவதை அவரே அலையட்டும், மனுவில் கையெழுத்து மட்டும் அக்காவோ அக்கா பிள்ளையோ போட வேண்டும்.

செத்தவருக்கு இனி ஜெயில் இல்லை, எதற்காக வீண் செலவு என்று கேட்பார்கள். ஒரு அரசு ஊழியரை எடுத்துக்கொள்வோம். லஞ்ச வழக்கில் மூன்று ஆண்டு தண்டனை, அதனால் வேலையும் போயிற்று. உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு கிடக்கும்போது மாரடைப்பில் போய்விட்டார். மேல்முறையீடு அற்றுப்போனால் அவர் தண்டிக்கப்பட்டு நீக்கப்பட்டவர்தான். மனைவிக்குக் குடும்ப ஓய்வூதியம் கேட்பதும், நிறுத்திவைத்த பணத்தைக் கேட்பதும் அந்தத் தீர்ப்பில் போய் முட்டும். மனைவி மேல்முறையீட்டைத் தொடர்ந்து நடத்தி விடுதலை வாங்கிவிட்டால், துறையின் கதவைத் தட்ட அவருக்கு ஒரு பிடி கிடைக்கிறது. பணத்தை விடுங்கள், கிராமத்தில் 'களவாணி மகன்' என்ற பேச்சைத் துடைக்கவாவது சிலர் நடத்துகிறார்கள்.

இந்த 30 நாள் எனக்கு நியாயமாகத் தெரியவில்லை. பதினாறாம் நாள் காரியம் முடிந்து வீட்டில் ஆள் நிமிர்ந்து உட்காரும்போதே பாதி நாள் போயிருக்கும். மேல்முறையீடு சென்னையிலோ மதுரையிலோ கிடக்கும், அந்த வக்கீலின் போன் நம்பர் இறந்தவரின் போனில் மட்டும்தான் இருக்கும். சொத்து வழக்கில் வாரிசைச் சேர்க்க 90 நாள் தரும் சட்டம், மானத்தைக் காப்பாற்ற 30 நாள்தான் தருகிறது. தாமதமாகிவிட்டால் அதை மன்னிக்கும்படி தனி மனுப்போட்டுக் கேட்டுப் பார்க்கலாம். கிடைப்பது நீதிமன்றம் பார்த்துச் செய்வது.

உறவினரே இல்லாதவர்கள் என்ன செய்வது? திருச்சி மாவட்டத்தில் பிறந்து, ஜார்க்கண்டில் ஆதிவாசிகளிடையே வாழ்ந்த யேசு சபைக் குரு ஸ்டேன் சுவாமி, 2021 ஜூலை 5-ஆம் தேதி காவலில் இருந்தபடியே மும்பை மருத்துவமனையில் இறந்தார். பிணை மறுப்பை எதிர்த்த அவருடைய மனு அப்போது உயர் நீதிமன்றத்தில் நிலுவையில் இருந்தது. துறவிக்கு ஏது மனைவி, பிள்ளை? பிணை மறுத்த உத்தரவில் அவர் மேல் விழுந்த கறையை நீக்கக் கேட்டு நீதிமன்றம் போனவர் அவருடைய சக குரு ஒருவர். சட்டத்தின் பட்டியலை எழுதியவர்கள் இப்படியொரு ஆளை நினைத்துப் பார்த்திருக்க மாட்டார்கள்.

அமெரிக்காவில் கதை வேறு மாதிரி. அங்கே கூட்டாட்சி நீதிமன்றங்களில், மேல்முறையீடு முடிவதற்கு முன் ஆள் இறந்தால் தண்டனைத் தீர்ப்பே இல்லாததுபோல் ஆகிவிடும். என்ரான் நிறுவனத்தின் கென்னத் லே மோசடி வழக்கில் 2006 மே மாதம் குற்றவாளி என்று தீர்ப்பாகி, ஜூலையில் மாரடைப்பால் இறந்தார். அக்டோபரில் அந்தத் தீர்ப்பு அழிக்கப்பட்டது. நம் ஊரில் குடும்பம் ஓடி வந்து மனுப்போட்டால்தான் தீர்ப்பைத் தொட முடியும்.

அபராதம் ஆளோடு போகாது

நெருப்பு எடுத்துக்கொள்ளாத ஒன்று அபராதம். மேல்முறையீடுகள் அற்றுப்போகும் என்று சொல்லும் அதே பிரிவு, அபராதத்தை எதிர்த்த மேல்முறையீட்டுக்கு மட்டும் விலக்குக் கொடுத்திருக்கிறது. காரணம், இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 70-ஆவது பிரிவு. இன்று அதே விதி, அதன் இடத்தில் வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 8-ஆவது பிரிவுக்குள் இருக்கிறது. கட்டாத அபராதத்தை இறந்தவரின் சொத்திலிருந்து வசூலிக்கலாம் என்கிறது அது. சொத்துக்கு ஆபத்து இருக்கிறது, எனவே சொத்துக்காரர்களின் வாதத்தைக் கேட்காமல் மேல்முறையீட்டை மூடக் கூடாது.

நடைமுறையில் தண்டனைகள் 'இரண்டு ஆண்டு சிறை, பத்தாயிரம் ரூபாய் அபராதம்' என்று சேர்ந்தே வரும். அப்போது? 1975-லேயே உச்ச நீதிமன்றம் ஹர்னாம் சிங் வழக்கில் சொல்லிவிட்டது: அபராதமும் சேர்ந்திருந்தால் மேல்முறையீடு அற்றுப்போகாது. 2020-இல் கேரளாவிலிருந்து வந்த ரமேசன் வழக்கிலும் அதையே உறுதி செய்து, வாரிசுகளுக்குப் பேச வாய்ப்பு தர வேண்டும் என்றது. ஆக, முப்பது நாளைத் தவறவிட்ட குடும்பம் முதலில் பார்க்க வேண்டியது, தீர்ப்பின் கடைசிப் பக்கத்தில் அபராதம் என்று ஒரு வரி இருக்கிறதா என்று. ஐநூறு ரூபாயாக இருந்தாலும் சரி.

நூறு கோடி ரூபாய் அபராதமாக இருந்தால்? ஜெயலலிதா சொத்துக்குவிப்பு வழக்கு தமிழ்நாட்டில் எல்லோருக்கும் தெரியும், ஆனால் அதன் கடைசி அத்தியாயம் பலருக்குக் குழப்பம்தான். முதல்வராக இருந்தபோது, 1991 ஜூலை 1 முதல் 1996 ஏப்ரல் 30 வரையிலான காலத்தில் வருமானத்துக்கு மிஞ்சிச் சேர்த்ததாக 66.65 கோடி ரூபாய்க்கு வழக்கு. 2003-இல் உச்ச நீதிமன்றம் வழக்கைப் பெங்களூருக்கு மாற்றியது. 2014 செப்டம்பர் 27-இல் சிறப்பு நீதிமன்ற நீதிபதி ஜான் மைக்கேல் டி'குன்ஹா, ஜெயலலிதாவுக்கு நான்கு ஆண்டு சிறையும் 100 கோடி அபராதமும், மற்ற மூவருக்கு நான்கு ஆண்டு சிறையும் தலா 10 கோடி அபராதமும் விதித்தார். 2015 மே 11-இல் கர்நாடக உயர் நீதிமன்றம் நால்வரையும் விடுதலை செய்தது. கர்நாடக அரசு உச்ச நீதிமன்றம் போனது. 2016 ஜூன் 7-இல் வாதம் முடிந்து தீர்ப்பு ஒத்திவைக்கப்பட்டது. டிசம்பர் 5-இல் ஜெயலலிதா இறந்தார். 2017 பிப்ரவரி 14-இல் தீர்ப்பு வந்தது.

அந்தத் தீர்ப்பில் நீதிபதிகள் பினாகி சந்திர கோஷும் அமிதாவ ராயும் ஜெயலலிதா மேலான மேல்முறையீடு அற்றுப்போனதாகச் சொன்னார்கள். அவருக்குத் தண்டனை இல்லை. ஆனால் சசிகலா, இளவரசி, சுதாகரன் மூவரும் குற்றத்துக்கு உடந்தை, சதியில் பங்கு என்று தண்டனை பெற்றார்கள். உடந்தை என்றால் யாருக்கு உடந்தை? அரசு ஊழியர் என்று அந்த வழக்கில் இருந்தவர் ஜெயலலிதா ஒருவர்தான். அவர் செய்தது என்ன என்று முழுசாகச் சொல்லாமல் மற்றவர்களைத் தண்டிக்க முடியாது. அதனால் தண்டிக்க முடியாத ஒருவரின் செயல்களைப் பற்றிப் பக்கம் பக்கமாக அந்தத் தீர்ப்பில் இருக்கிறது. கொஞ்சம் முன்னால் சதி பற்றிச் சொன்னது இதுதான்.

100 கோடி? கர்நாடக அரசு சும்மா இருக்கவில்லை. வாதம் முடிந்து தீர்ப்பு ஒத்திவைத்த பிறகுதானே இறந்தார், பிறகு எப்படி அற்றுப்போகும், அபராதத்தையாவது சொத்திலிருந்து வசூலிக்க விடுங்கள் என்று மறு ஆய்வு கேட்டது. 2017 ஏப்ரலில் அது தள்ளுபடியானது. இங்கே ஒரு நுணுக்கம். அபராதம் இறந்தவரின் சொத்தைத் துரத்தும் என்றேன். துரத்த வேண்டுமானால் முதலில் உயிருள்ள ஓர் அபராத உத்தரவு இருக்க வேண்டும். அவர் இறந்த அன்று கையில் இருந்தது உயர் நீதிமன்றத்தின் விடுதலைத் தீர்ப்பு. அதை எதிர்த்தது அரசு. அந்த மேல்முறையீடு அற்றுப்போனதும் அபராதத்துக்கு ஒட்டிக்கொள்ள இடமில்லை.

சரி, அப்படியானால் பறிமுதல் செய்த நகைகளும் நிலங்களும் வாரிசுகளுக்குத் திரும்ப வேண்டுமே? வாரிசுகளும் அதைத்தான் கேட்டார்கள். 2025 ஜனவரியில் கர்நாடக உயர் நீதிமன்றம் மறுத்தது. உச்ச நீதிமன்றமும் தலையிடவில்லை. உடன் இருந்தவர்கள் மீதான தண்டனையோடு சிறப்பு நீதிமன்றத்தின் பறிமுதல் உத்தரவும் திரும்ப உயிர் பெற்றுவிட்டது என்பது காரணம். 2025 பிப்ரவரியில் நகைகளும் நிலப் பத்திரங்களும் பெங்களூரிலிருந்து தமிழ்நாடு அரசின் கைக்கு வந்தன. ஒரே வழக்கில் சிறை ஆளோடு போனது, அபராதம் மேல்முறையீட்டோடு போனது, பறிமுதல் நின்றது.

புகார் கொடுத்தவர் இறந்தால்

இதுவரை குற்றஞ்சாட்டப்பட்டவர் பக்கம். புகார் கொடுத்தவர் இறந்தால், போலீஸ் வழக்கில் ஒன்றும் ஆகாது. அங்கே வாதி அரசுதான். புகார்தாரர் ஒரு சாட்சி, அவ்வளவே. அவர் கோர்ட்டில் சாட்சி சொல்லாமலே இறந்துவிட்டால் வழக்கு பலவீனமாகலாம், அற்றுப்போகாது. ஏற்கெனவே சாட்சி சொல்லி, குறுக்கு விசாரணையும் முடிந்து இறந்திருந்தால் அந்த வாக்குமூலம் அப்படியே செல்லும். இறப்பதற்கு முன் சாவுக்கான காரணத்தைப் பற்றிச் சொன்னது மரண வாக்குமூலமாகச் சாட்சியத்தில் சேரும். தீக்காய வார்டில் மாஜிஸ்திரேட் வந்து எழுதிக்கொள்வது இதுதான்.

அடிபட்டவர் இறந்தால் வழக்கின் பெயரே மாறும். கொலை முயற்சி வழக்கு கொலை வழக்காகும். இதில் அதிகம் தெரியாத விஷயம் ஒன்று உண்டு. கொடுங்காயம் ஏற்படுத்தியதற்கு ஒருவருக்குத் தண்டனை கிடைத்து அந்த வழக்கே முடிந்துவிட்டது, அதன் பிறகு அடிபட்டவர் அந்தக் காயத்தாலேயே இறக்கிறார் என்று வையுங்கள். ஒரே குற்றத்துக்கு இரண்டு முறை விசாரிக்கக் கூடாது என்ற விதி இங்கே காப்பாற்றாது. உயிர் போனதற்காகத் திரும்பவும் விசாரிக்கலாம். சட்டமே இதை உதாரணமாகச் சொல்கிறது.

தனிநபர் புகார் வழக்குகள்தான் சிக்கல். செக் பவுன்ஸ், அவதூறு போன்றவற்றில் போலீஸ் இல்லை, நீங்களே நேரடியாக மாஜிஸ்திரேட்டிடம் போகிறீர்கள். புகார்தாரர் வாய்தாவுக்கு வராவிட்டால் குற்றஞ்சாட்டப்பட்டவரை விடுதலை செய்யலாம் என்று சம்மன் வழக்குகளுக்கு (அதிகபட்சம் இரண்டு ஆண்டு சிறை வரை உள்ள சிறிய வழக்குகள்) ஒரு விதி இருக்கிறது, இறந்ததால் வராவிட்டாலும் அது பொருந்தும். ஆனால் நீதிமன்றம் கட்டாயம் விடுதலை செய்தாக வேண்டும் என்றில்லை. வாரிசு வந்து தொடரக் கேட்டால் அனுமதிக்கலாம். 1960-களிலேயே பம்பாயில் ஒரு பெண், போலிக் கல்யாணம் செய்து ஏமாற்றியதாக ஒருவர் மேல் கொடுத்த புகார், அந்தப் பெண் இறந்த பிறகு அவருடைய தாய் மூலம் தொடர உச்ச நீதிமன்றம் அனுமதித்தது. சமரசம் பேசி முடிக்கக்கூடிய குற்றங்களில், இறந்த புகார்தாரரின் வாரிசு நீதிமன்ற அனுமதியோடு சமரசமும் செய்யலாம்.

செக் வழக்கில் எதிர்ப்பக்கம் இறந்தால் நடப்பதைத் தனியாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் மிரட்டல் இங்கேதான் அதிகம். அப்பா பத்து லட்சத்துக்குச் செக் கொடுத்திருந்தார், அது திரும்பிவிட்டது, கேஸ் போட்டார்கள், அப்பா இறந்துவிட்டார். மறுநாள் பைனான்ஸ்காரர் வீட்டு வாசலில் நின்று, "பையன் மேல கேஸைத் திருப்புவோம், உள்ள போயிடுவான்" என்கிறார். அது நடக்காது. செக்கில் கையெழுத்துப் போட்டவர் அப்பா, குற்றமும் அவரோடு போயிற்று. மகனைக் குற்றவாளிக் கூண்டில் நிறுத்த வழியில்லை. ஆனால் கடன் கடன்தான். அப்பா விட்டுப்போன வீடோ நிலமோ மகன் கைக்கு வந்திருந்தால், அந்த மதிப்பு வரைக்கும் சிவில் வழக்குப் போட்டு வசூலிக்கலாம். அப்பா எதையும் விட்டுப்போகவில்லை என்றால், மகன் தன் சம்பளத்திலிருந்து கட்ட வேண்டிய சட்டக் கட்டாயம் இல்லை. கடன் கொடுத்தவர்களுக்கும் ஒரு வார்த்தை: செக் கேஸ் நடக்கிறதே என்று நம்பி சிவில் வழக்குக்கான மூன்று ஆண்டுக் காலவரையறையைத் தவறவிட்டவர்கள் நிறைய. கடன்காரர் இறந்த அன்று கையில் ஒன்றும் இருக்காது.

கடைசியாக ஜாமீன்தாரர். கோர்ட்டில் ஒருவருக்காகக் கையெழுத்துப் போட்டவர், அந்த ஆள் இறந்துவிட்டால் விடுபட்டுவிடுவார். ஜாமீன்தாரரே இறந்தால், பிணைப்பத்திரம் பறிமுதலாகாதவரை அவருடைய சொத்துக்கும் பொறுப்பு கிடையாது. குற்றஞ்சாட்டப்பட்டவர்தான் புதிதாக ஒரு ஜாமீன்தாரரைக் கொண்டுவர வேண்டியிருக்கும்.

முதலில் பார்த்த அந்த அம்மாவுக்கு இன்னும் ஒரு வேலை பாக்கி. மகன் கைதான அன்று போலீஸ் எடுத்துப்போன பைக் ஸ்டேஷன் வளாகத்தில் வேப்பமரத்தடியில் துருப்பிடித்துக்கொண்டிருக்கும். வழக்கு அற்றுப்போனதாக உத்தரவு வந்தாலும் யாரும் அதைத் தள்ளிக்கொண்டு வந்து வீட்டில் விட மாட்டார்கள். உத்தரவின் நகல், இறப்புச் சான்றிதழ், வாரிசுச் சான்றிதழ், ஆர்.சி. புத்தகம் எல்லாம் இணைத்து, வண்டியைத் திரும்பக் கேட்டு அதே கோர்ட்டில் தனியாக மனுப்போட வேண்டும். மற்ற மூவர் மீதான வழக்குக்கு அந்த வண்டி தேவை என்று போலீஸ் சொன்னால், கேட்கும்போது கொண்டுவந்து காட்டுகிறேன் என்று எழுதிக்கொடுத்து வாங்கலாம். அதற்கும் ஒரு வாய்தா உண்டு.